ஒரு கோடிப் பேர் பார்த்த பேய்ப்படத்தை எழுதியது யார்?

இரவுக்காட்சி:
ஆசியப் பேய்ப்படங்கள் இழையில் நேற்று ராத்திரி பழையரீல் போட்ட வரியை அப்படியே இங்கே ஒட்டுகிறேன்: "இந்தோனேசியாவில் பேய்ப்படத்துக்குத் திரைக்கதை எழுதத் தெரிந்த ஒரே ஆள் ஜோகோ அன்வர். லேலே லைலா எல்லாம் ட்விட்டரில் வந்ததைத் தட்டச்சு செய்து கொடுத்தவர்." படித்ததிலிருந்து வயிறு எரிகிறது. அங்கேயே பதில் போட்டால் கொரியப் படம் பேச வந்தவர்கள் கோபித்துக்கொள்வார்கள், அதனால் தனி இழை.

அந்த அம்மா என்னென்ன எழுதியிருக்கிறார் என்று தெரியாமல் பேசக்கூடாது. 2017-இல் தனூர் என்ற பேய்ப்படம். அப்புறம் அதன் இரண்டு தொடர்ச்சிகள், அதே உலகத்திலிருந்து பிரிந்து வந்த ஆசி, இவான்னா. 2022-இல் கேகேஎன் டி தேசா பெனாரி, அதே வருடம் கோரின். 2023-இல் சிக்சா நெராக்கா, 2024-இல் பதராவுஹி டி தேசா பெனாரி, 2025-இல் பாப்ரிக் கூலா. இதில் கேகேஎன்னை மட்டும் ஒரு கோடிப் பேர் டிக்கெட் வாங்கிப் பார்த்தார்கள். அதற்கு முன் அந்த நாட்டின் சாதனை 2016-இல் வந்த வார்கோப் நகைச்சுவைப் படம், அது 68 லட்சம்தான். இவ்வளவு பெரிய இடைவெளியில் சாதனையை உடைத்த படத்தை எழுதியவரைத் தட்டச்சுக்காரர் என்று சொல்ல எப்படி மனம் வருகிறது?

பழையரீல்:
ஒரு கோடி இல்லை. 92 லட்சம். முதலில் எண்ணைச் சரியாகப் போடுங்கள், பிறகு வயிறு எரியலாம்.

2022 ஏப்ரல் 30-இல் வந்த படத்தைப் பார்த்தவர்கள் 92 லட்சம். அதே வருடம் டிசம்பர் கடைசியில் காட்சிகளைச் சேர்த்து நீட்டி, புதுப்பெயர் வைத்து மறுபடி தியேட்டரில் விட்டார்கள். அந்தக் கூட்டத்தையும் சேர்த்தால்தான் கோடி. ஒரு படம் இரண்டு தடவை வந்து கோடி தொட்டது என்று எழுதுங்கள், நான் வாயே திறக்கமாட்டேன்.

இரவுக்காட்சி:
நான் பத்து படம் சொன்னேன், நீங்கள் ஒரு எண்ணைப் பிடித்துக்கொண்டீர்கள். மறுவெளியீட்டில் வந்தவனும் காசு கொடுத்துத்தானே உட்கார்ந்தான்? வாசலில் இழுத்துப் பிடித்தா உள்ளே தள்ளினார்கள்?

கணக்கன்:
இரண்டு பேருமே தோராயமாகப் பேசுகிறீர்கள். முதல் வெளியீடு 92,33,847. நீட்டித்த பதிப்பையும் சேர்த்து 1,00,61,033. வித்தியாசம் 8,27,186. இந்தோனேசியாவில் வசூலை விட டிக்கெட் எண்ணிக்கையைத்தான் எல்லோரும் மேற்கோள் காட்டுவார்கள், அதனால்தான் இவ்வளவு துல்லியமாகச் சொல்ல முடிகிறது. பழையரீல் சொன்னது போல இரண்டையும் தனியாக எழுதுவதுதான் முறை.

இரவுக்காட்சி:
கணக்கன், அங்கே அதிகம் பார்க்கப்பட்ட படங்கள் என்று போடும்போது சேர்த்துத்தானே போடுகிறார்கள்? 2025-இல் ஜம்போ என்ற அனிமேஷன் படம் கேகேஎன்னைத் தாண்டியபோது எதைத் தாண்டியது என்று எழுதினார்கள்? ஒரு கோடியைத்தான். 92 லட்சத்தைத் தாண்டிய அன்றைக்கே சாதனை உடைந்தது என்று யாரும் பட்டாசு வெடிக்கவில்லை. அந்த நாட்டுக்காரனுக்கே இல்லாத சந்தேகம் இங்கே கீபோர்டு முன்னால் உட்கார்ந்திருப்பவர்களுக்கு எதற்கு?

பழையரீல்:
அந்த நாட்டுக்காரன் எதையும் சொல்லிவிட்டுப் போகட்டும். 92 லட்சம்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். கேகேஎன் கதை 2019-இல் சிம்பிள்மேன் என்ற பெயரில் ஒருவர் ட்விட்டரில் தொடராகப் போட்டது. கல்லூரி மாணவர்கள் ஆறு பேர் கிராமத்துச் சேவைக்குப் போகிறார்கள், போகக்கூடாத இடத்துக்குப் போகிறார்கள், செய்யக்கூடாததைச் செய்கிறார்கள், இரண்டு பேர் சாகிறார்கள். நாடே படித்தது. அப்புறம் புத்தகமாக வந்தது. 2020 மார்ச்சில் படம் வரவேண்டியது, கொரோனாவால் இரண்டு வருடம் தள்ளிப்போனது, அந்த இரண்டு வருடமும் ஜனங்கள் காத்திருந்தார்கள். கடைசியில் லெபாரான் (அந்த ஊர் ரம்ஜான் பெருநாள்) விடுமுறைக்கு விட்டார்கள். இந்த நிலைமையில் திரைக்கதைப் புத்தகத்தில் வெறும் தாளை வைத்துப் படம் எடுத்திருந்தாலும் கூட்டம் வந்திருக்கும். இதில் எழுத்தாளரின் பங்கு என்ன? அதிலும் ஜெரால்டு மமாஹித் என்று இன்னொரு பெயரும் இருக்கிறது. அதை ஏன் சௌகரியமாக மறைத்தீர்கள்?

ஈப்போக்காரி:
நான் மலேசியாவில் இருப்பவள், இந்தப் படம் இங்கேயும் நன்றாக ஓடியது. ட்விட்டர் தொடரையும் படித்திருக்கிறேன், படத்தையும் பார்த்திருக்கிறேன். அதனால் ஒன்று சொல்லலாம். தொடரில் கதை இரண்டு தடவை வருகிறது. ஒரு தடவை விட்யா என்ற மாணவி பார்த்தபடி, மறுபடி நூர் என்ற மாணவி பார்த்தபடி. முதல் தடவை புரியாமல் விட்டதெல்லாம் இரண்டாவது தடவையில் விளங்கும், அந்தத் தொடரின் பயமே அதில்தான் இருக்கிறது. படத்தில் அப்படி இரண்டு தடவை சொல்ல முடியாது. செத்துப்போகும் அயுவும் பிமாவும் என்ன செய்தார்கள் என்பதை எந்த இடத்தில் நமக்குக் காட்டுவது என்று யாரோ உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள். அந்த யோசனைக்குப் பெயர் தட்டச்சு இல்லை, பழையரீல் அண்ணே.

ஆனால் படம் தொடர் அளவுக்குப் பயமுறுத்தவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். பதராவுஹி என்ற பேய் ஆடும் காட்சிகள் பிடித்தன. நடுவில் அரைமணி நேரம் ஒரே மாதிரி போகிறது.

இரவுக்காட்சி:
பிடித்தீர்களே அக்கா, அதைத்தான் நான் சொல்ல வந்தேன். (நடுவில் அரைமணி நேரம் பற்றி எனக்கு வேறு கருத்து, அதை அப்புறம் பேசலாம்.)

ஜெரால்டு மமாஹித்தை நான் மறைக்கவில்லை. அவர் கேகேஎன்னில் சேர்ந்து எழுதினார், இல்லை என்று யார் சொன்னது? 2024-இல் பதராவுஹி வந்ததே, அதைப் பாருங்கள். முதல் கதையில் பதராவுஹி ஆடிக்கொண்டே மனிதர்களைத் தன்பக்கம் இழுக்கும் ஓர் உருவம், அவ்வளவுதான். 2024 படம் 1980-க்குப் போகிறது. மிலா என்ற பெண், நோயில் கிடக்கும் தாய், திருப்பிக் கொடுக்கவேண்டிய காவத்துரி என்ற காப்பு, அந்தக் காப்பை எடுத்துக்கொண்டு அவள் அந்தக் கிராமத்துக்குள் போவது. தென்கிழக்கு ஆசியாவிலேயே ஐமேக்ஸுக்கென்று படம்பிடித்த முதல் படம் அது. அமெரிக்காவில் லயன்ஸ்கேட் வெளியிட்டது. எழுத்து லேலே லைலா.

இதில் அவருடைய முழு வேலையும் தெரியும். தனூரில் ஆசி என்று ஒரு பேய் வருகிறாள், கதாநாயகி ரிசாவின் வீட்டுக்குள் ஆள்போல் நுழைந்து குழந்தையைக் கவரப் பார்ப்பவள். அடுத்த வருடம் ஆசிக்கென்று தனிப்படம். பிறகு இவான்னாவுக்குத் தனிப்படம். பிறகு பதராவுஹிக்கு. மற்றவர்கள் பேயை ஓரமாக நிறுத்திக் கத்தவிடும்போது இவர் அந்தப் பேயை இழுத்து நடுவில் உட்காரவைத்து, நீ யார், உனக்கு என்ன நடந்தது என்று கேட்கிறார். தனிப்படத்தில் அவளுக்குப் பசியும் கோபமும் குழந்தை ஆசையும் எல்லாம் வருகின்றன. எட்டு வருடமாக ஒருவர் ஒரே விஷயத்தை இப்படித் தோண்டிக்கொண்டே இருந்தால் அவருக்கென்று ஒரு பார்வை இருக்கிறது என்று அர்த்தம். தட்டச்சு இயந்திரத்துக்குப் பார்வை கிடையாது.

பழையரீல்:
அருமையான உரை. ஒரே ஒரு குறை, எல்லாமே அடுத்தவர் சொத்து. தனூர் ரிசா சரஸ்வதி எழுதிய புத்தகம். ஆசி, இவான்னா எல்லாம் அதே ரிசாவின் பேய்கள், அவர் எழுதிய புத்தகங்களிலிருந்து வந்தவை. பதராவுஹியில் சிம்பிள்மேன் பெயர் இருக்கிறது. பாப்ரிக் கூலா அதே சிம்பிள்மேனின் இன்னொரு தொடர். சிக்சா நெராக்கா பழைய நரக காமிக்ஸ். நீங்கள் சொல்லும் "பார்வை" ரிசாவுடையது, சிம்பிள்மேனுடையது. பேயை நடுவில் உட்காரவைத்தது தயாரிப்பாளர் மனோஜ் பஞ்சாபியின் கல்லாப்பெட்டி. ஒரு பேய் ஓடினால் அந்தப் பேய்க்குத் தனிப்படம் என்று முடிவெடுப்பது தயாரிப்பாளர், எழுத்தாளர் இல்லை.

ஜோகோ அன்வரைப் பாருங்கள். மேடானில் பிறந்தவர், பாண்டுங்கில் விமானப் பொறியியல் படித்தவர், ஜகார்த்தா போஸ்டில் விமர்சனம் எழுதியவர். 2003-இல் அரிசானுக்கு நியா டினாட்டாவுடன் சேர்ந்து எழுதினார். அப்புறம் காலா, அது சொந்தச் சரக்கு. 2008-இல் மௌலி சூர்யாவுடன் எழுதிய ஃபிக்ஸிக்கு அந்த நாட்டுச் சித்ரா திரைப்பட விருதில் சிறந்த திரைக்கதை. 2019-இல் பெரம்புவான் தானா ஜஹானம், அந்த நாடு ஆஸ்கருக்கு அனுப்பிய படம். லேலே லைலாவின் எந்தப் படத்தை ஆஸ்கருக்கு அனுப்பினார்கள்?

இரவுக்காட்சி:
வந்தது பாருங்கள், ஆஸ்கர். ஆஸ்கர் வந்துவிட்டால் இந்தத் தளத்தில் எல்லோரும் எழுந்து நிற்கவேண்டும்.

அடுத்தவர் சொத்து என்றால் உங்கள் ஆளை எங்கே வைப்பது? ஜோகோ அன்வரை உலகம் அறிந்தது பெங்காப்டி செத்தானால். 2017. அது என்ன படம்? ராபி ஃபிலிம்ஸ் 1980-இல் எடுத்த பழைய பேய்ப்படத்தின் மறு ஆக்கம்! அந்த உரிமைக்காக வருடக்கணக்கில் அந்தக் கம்பெனி வாசலில் நின்றேன் என்று அவரே சொல்லியிருக்கிறார். 2019-இல் அவர் எழுதி கிமோ ஸ்டாம்போல் இயக்கிய ராத்து இல்மு ஹித்தாம் என்ன? அதுவும் சுசானா நடித்த 1981 படத்தின் பெயரும் கருவும். பழைய படத்தை எடுத்து எழுதினால் மேதை, பழைய புத்தகத்தை எடுத்து எழுதினால் தட்டச்சு. எந்த ஊர் நியாயம் இது?

நள்ளிரவு_நாகா:
பெங்காப்டி செத்தான் மூலப்படம் 1982.

இரவுக்காட்சி:
1980.

நள்ளிரவு_நாகா:
நான் 1982 என்றுதான் படித்திருக்கிறேன். சுசானா இழையிலும் இப்படித்தான் நான் சொன்னதை மறுத்தீர்கள், அப்புறம் உங்கள் பதிவையே நீக்கிவிட்டீர்கள்.

இரவுக்காட்சி:
அந்தப் பதிவை நீக்கியது நான் இல்லை, மட்டுறுத்துனர். சுசானா இழைக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. தயாரித்தது ஒரு வருடம், திரைக்கு வந்தது ஒரு வருடம், இரண்டும் இணையத்தில் உலவுகின்றன. நான் 1980 என்பேன். முடிந்தது.

நள்ளிரவு_நாகா:
முடியவில்லை. ஒரு கோடியில் சேர்த்துக் கணக்கு, இதில் மட்டும் பிரித்துக் கணக்கா? கேகேஎன்னுக்கு இரண்டு வெளியீட்டையும் கூட்டுவீர்கள், சிஸ்வோரோ கௌதமா புத்ரா இயக்கிய பழைய பெங்காப்டி செத்தானுக்குத் தயாரித்த வருடம் மட்டும் போதும். உங்களுக்கு வசதியானது எதுவோ அதுதான் வரலாறு.

பழையரீல்:
நாகா கேட்டது நல்ல கேள்வி. 92 லட்சத்துக்குப் பதில் வரவில்லை, இதற்கும் வராது.

மறு ஆக்கம் பற்றிக் கேட்டார், சொல்கிறேன். 1980 (அல்லது 1982, சண்டை வேண்டாம்) படத்தில் வசதியான குடும்பம், தொழுகையை மறந்தவர்கள், வீட்டு வேலைக்கு வந்த தார்மினா என்ற பெண்ணின் சூனியம், கடைசியில் மார்க்க அறிஞர் வந்து காப்பாற்றுவார். அதிபர் சுகார்த்தோ காலத்துப் பேய்ப்படங்கள் பல இப்படித்தான் முடியும், கடைசி ரீலில் மதம் ஜெயித்தாகவேண்டும். ஜோகோ அன்வர் என்ன செய்தார்? அதே பெயர். அம்மா சாவதையும், அவள் திரும்பி வருவதையும் வைத்துக்கொண்டார். மற்றதை எல்லாம் மாற்றினார். குடும்பம் ஏழையாகிறது, வீடு அடமானத்தில் இருக்கிறது, அம்மா பழைய பாடகி, படுக்கையில் கிடந்து மணி அடிக்கிறாள். முக்கியமாக, உதவிக்கு வரும் உஸ்தாத், அதாவது மார்க்க அறிஞர், தோற்கிறார். தன் மகனையே இழக்கிறார், கடைசியில் அவரும் போகிறார். நாற்பது வருடப் பழக்கத்தை ஒரே திரைக்கதையில் தலைகீழாக்கினார். இதுதான் எழுத்து. சிக்சா நெராக்காவில் உங்கள் அம்மணி என்ன செய்தார்? நரகத்தில் நாக்கை இழுக்கிறார்கள், உடம்பைச் சுடுகிறார்கள், பொய் சொல்லாதே, பெற்றோர் பேச்சைக் கேள். 2023-இல்!

ஈப்போக்காரி:
சிக்சா நெராக்காவை நானும் தாங்க முடியாமல்தான் பார்த்தேன். ஆனால் அந்த ஊர்ப் பிள்ளைகள் பள்ளி வாசலில் வாங்கிப் படித்துப் பயந்த காமிக்ஸ் அது. அந்தப் பயத்தைத்தான் அவர்கள் தியேட்டரில் தேடிப் போனார்கள்.

திரைப்பட்டறை:
உள்ளே வரலாமா? நான் குறும்படங்களுக்கு எழுதுகிறவன், அதனால் இந்தத் தகராறில் எனக்கு அக்கறை உண்டு. ஜோகோ அன்வர் எழுதி இயக்குகிறவர், லேலே லைலா எழுத மட்டும் செய்கிறவர், அவர் எழுதியதை அவி சூர்யாடி ஒரு மாதிரி எடுப்பார், கிமோ ஸ்டாம்போல் வேறு மாதிரி எடுப்பார், ஆங்கி உம்பாரா இன்னொரு மாதிரி. இரண்டு பேரையும் எப்படி ஒரே தராசில் வைக்கிறீர்கள்? திரைக்கதை எழுத்தாளர் என்று யாரைச் சொல்கிறோம் என்பதை முதலில் முடிவு செய்துவிட்டு...

பழையரீல்:
அதெல்லாம் வகுப்பெடுக்கும் விஷயம். எனக்கு 92 லட்சத்துக்குப் பதில் வேண்டும்.

இரவுக்காட்சி:
திரைப்பட்டறை சொல்வதில் எனக்குச் சாதகமான பாதியை எடுத்துக்கொள்கிறேன். எழுத மட்டும் செய்கிறவர்களை யாரும் நினைவில் வைப்பதில்லை, அந்தக் கோபத்தில்தான் இந்த இழையே. 2001-இல் ஜெலாங்குங் வந்தபோது அதற்குப் பிறகு ஒரு தலைமுறையே பேய்ப்படம் எடுக்க ஓடியது, இயக்கியவர்களில் ஒருவரான ரிசால் மந்தோவானி பெயர் எல்லோருக்கும் தெரியும், எழுதிய அடி நுக்ரோஹோவைச் சொல்லுங்கள் பார்ப்போம் என்றால் இங்கே எத்தனை பேர் கைதூக்குவீர்கள்? 2006-இல் குந்திலானக், எழுதியவர் வே ஹந்தோயோ. அவரைப் பற்றி இந்தத் தளத்தில் ஒரு பதிவாவது உண்டா? வார்கோப் படத்தை எழுதியவர்களில் ஒருவரான பெனே டியோன் ராஜாகுகுக் 2018-இல் சுசானா படத்தையும் எழுதினார், 33 லட்சம் பேர் பார்த்தார்கள், அவர் கோஸ்ட் ரைட்டர் படத்தை இயக்கிய பிறகுதான் நீங்கள் பெயரை உச்சரித்தீர்கள். ஜோகோ அன்வரும் நாற்காலியில் உட்கார்ந்து ஆக்‌ஷன் சொல்லாமல் இருந்திருந்தால் பழையரீல் அவரையும் தட்டச்சுக்காரர் என்றுதான் சொல்லியிருப்பார்.

இன்னொன்று. இந்தோனேசியப் பேய்ப்படத்துக்கு 2017-இல் உயிர் வந்தது, அதற்கு பெங்காப்டி செத்தான்தான் காரணம் என்று எல்லா இடத்திலும் எழுதுகிறார்கள். அது வந்தது செப்டம்பர் கடைசி. தனூர் வந்தது மார்ச் கடைசி. ஆறு மாதம் முன்னால்! 27 லட்சம் பேர் பார்த்தார்கள். அதற்கு முன் பல வருடமாகப் பேய்ப்படம் என்றாலே அரைகுறை ஆடையும் மலிவான அலறலும் என்று பெயர் கெட்டுக் கிடந்தது. குடும்பத்தோடு மறுபடி தியேட்டருக்குள் கூட்டிவந்தது தனூர். கதவைத் திறந்தவரை விட்டுவிட்டு பின்னால் வந்தவருக்கு மாலை போடுகிறீர்கள்.

பழையரீல்:
27 லட்சம் பெரிதா, 42 லட்சம் பெரிதா? பெங்காப்டி செத்தான் 42 லட்சம். 2022-இல் அதன் இரண்டாம் பாகம் 63 லட்சத்துக்கும் மேல், ஒரே பதிப்பு, ஒட்டு வேலை இல்லை.

இரவுக்காட்சி:
இரண்டாம் பாகம் வந்ததும் 2022-தான், கேகேஎன் வந்ததும் 2022-தான். 63 லட்சம், 92 லட்சம். உங்கள் கணக்கை வைத்தே பார்த்தாலும் யார் மேலே?

பழையரீல்:
ஆக 92 என்று உங்கள் கையாலேயே எழுதிவிட்டீர்கள். நன்றி. இழையை மூடலாம்.

இரவுக்காட்சி:
"உங்கள் கணக்கை வைத்தே" என்று எழுதியிருக்கிறேன், படிக்கத் தெரியாதா? என் கணக்கு ஒரு கோடி. நேற்றும் ஒரு கோடி, இன்றும் ஒரு கோடி. ஏப்ரலில் வந்தபோதே வயது வரம்பு வேறுபட்ட இரண்டு பதிப்புகளாகத்தான் அந்தப் படம் வந்தது, வெட்டியது ஒன்று, வெட்டாதது ஒன்று. பதிப்பு மாறினால் படம் மாறும் என்றால் உங்கள் 92 லட்சத்தையே இரண்டாகப் பிளக்கவேண்டும். பிளந்துவிட்டு வாருங்கள், பேசுவோம்.

கணக்கன்:
அந்த இரண்டு பதிப்புகளுக்கும் தனித்தனி எண் என்னிடம் இல்லை.

பழையரீல்:
இருந்தால் போட்டிருப்பீர்களே. ஒரே நாளில் ஒரே பெயரில் வந்த இரண்டு பதிப்புகளும் ஒரே வெளியீடு. எட்டு மாதம் கழித்து வேறு பெயரில் வந்தது வேறு வெளியீடு. இது கூடவா புரியவில்லை?

ஈப்போக்காரி:
அண்ணே, அக்கா தம்பி எல்லோருக்கும் ஒரு கேள்வி. 2024 ஏப்ரல் 11, லெபாரான். பதராவுஹியும் சிக்சா குபூரும் ஒரே நாளில் வந்தன. ஒன்று லேலே லைலா எழுதியது, இன்னொன்று ஜோகோ அன்வர் எழுதி இயக்கியது. இரண்டையும் ஏறத்தாழ 40 லட்சம் பேர் பார்த்தார்கள். நீங்கள் தேடும் போட்டி அங்கேயே நடந்து முடிந்துவிட்டதே? இரண்டும் சமம் என்று வைத்துக்கொள்ளலாமே?

இரவுக்காட்சி:
சமம் இல்லை அக்கா. பதராவுஹி சில ஆயிரம் அதிகம்.

பழையரீல்:
சில ஆயிரத்துக்குக் கொடி ஏற்றுகிறார்! பதராவுஹிக்குப் பின்னால் 92 லட்சம் பேர் பார்த்த முதல் படம் இருந்தது, ஐமேக்ஸ் இருந்தது, மனோஜ் பஞ்சாபியின் எம்டி பிக்சர்ஸ் இருந்தது. சிக்சா குபூர் ஜோகோ பல வருடம் முன்னால் எடுத்த ஒரு குறும்படத்திலிருந்து வளர்த்த கதை. தொடர்ச்சியும் இல்லை, ட்வீட்டும் இல்லை. அதுவும் கல்லறைக்குள் வேதனை உண்டா இல்லையா என்று நம்பிக்கையையே கேள்வி கேட்கும் கதையை, பண்டிகை நாளில், அந்த நாட்டில் விட்டு 40 லட்சம் பேரை உட்காரவைத்தார். சம ஓட்டம் என்றாலே அது எங்கள் பக்க வெற்றி.

இரவுக்காட்சி:
எங்கள் பக்கம், உங்கள் பக்கம். நீங்கள் என்ன அவர் மைத்துனரா?

நீங்கள் "கல்லாப்பெட்டி" என்று சொன்னதை மறக்கவில்லை, அதற்கு வருகிறேன். மனோஜ் பஞ்சாபி, இன்னொரு தயாரிப்பாளரான ராம் பஞ்சாபியின் சகோதரர் மகன், சிந்தி வியாபாரக் குடும்பம், வியாபாரம்தான் பார்ப்பார், பார்க்கட்டும். பெங்காப்டி செத்தானின் ராபி ஃபிலிம்ஸும் அதே மாதிரி சிந்திக் குடும்பத்தார் நடத்துவதுதான், சம்தானிகள். ஒரு வீட்டுக் கல்லாப்பெட்டி கலை, இன்னொரு வீட்டுக் கல்லாப்பெட்டி வியாபாரமா? தயாரிப்பாளர் "அந்தப் பேய்க்கு ஒரு படம் எடு" என்று சொல்வது ஒரு வரி. அந்த ஒரு வரியை இரண்டு மணி நேரமாக்குவது யார்? நாயகி எதற்காக அந்தக் கிராமத்துக்குப் போகவேண்டும், போனவள் ஏன் முதல் ராத்திரியே ஓடி வரவில்லை, எந்த விதியை யார் மீறுகிறார்கள், அதற்கு யார் விலை கொடுக்கிறார்கள், இதை எல்லாம் உட்கார்ந்து அடுக்குவது யார்? கேகேஎன்னில் ம்பா புயுத் என்ற மந்திரம் தெரிந்த கிழவர் இருக்கிறார், அப்படியும் அயுவையும் பிமாவையும் காப்பாற்ற முடியவில்லை. உஸ்தாத் தோற்றால் புரட்சி என்றீர்கள், இங்கே கிழவர் தோற்றது கண்ணில் படவில்லையா?

பழையரீல்:
அது ட்விட்டர் தொடரின் முடிவு. மறுபடி அடுத்தவர் சொத்து.

மேலும் ஒரே வருடத்தில் கேகேஎன், இவான்னா, கோரின் என்று மூன்று படம். யோசிக்க எங்கே நேரம்?

திரைப்பட்டறை:
கேகேஎன் 2020-க்கே தயாராக இருந்த படம் என்று நீங்கள்தானே மேலே எழுதினீர்கள்? அப்படியானால் அதை 2022 கணக்கில் சேர்த்து மூன்று என்று எப்படி எண்ணுகிறீர்கள்?

பழையரீல்:
திரைக்கு வந்த வருடம்தான் கணக்கு.

நள்ளிரவு_நாகா:
அப்படியென்றால் பெங்காப்டி செத்தான் 1982. பழையரீலே ஒப்புக்கொண்டுவிட்டார்.

பழையரீல்:
நான் எதையும் ஒப்புக்கொள்ளவில்லை. நாகா, நீங்கள் தயவுசெய்து தனி இழை தொடங்குங்கள்.

நள்ளிரவு_நாகா:
சுசானா இழையிலும் இதையேதான் சொன்னீர்கள். அங்கே போனால் இங்கே போ, இங்கே வந்தால் அங்கே போ. நான் எங்கும் போகமாட்டேன்.

இரவுக்காட்சி:
நேரத்தைப் பற்றிச் சொன்னீர்களே, பதில் வாங்கிக்கொண்டு போங்கள். வருடத்துக்கு மூன்று எழுதுகிறார் என்பது குற்றமா? அந்த நாட்டில் பேய்ப்படம் வாராவாரம் வருகிறது, எழுத ஆள் வேண்டும், தயாரிப்பாளர்கள் திரும்பத் திரும்ப இவரைக் கூப்பிடுகிறார்கள். ரிசாவின் புத்தகத்துக்கும் இவர், சிம்பிள்மேனின் தொடருக்கும் இவர், காமிக்ஸுக்கும் இவர். மூன்றும் மூன்று விதமான மூலம். புத்தகத்தில் பேய்கள் டச்சுக் காலத்துக் குழந்தைகள், சிநேகிதர்கள். தொடரில் காடும் கிராமத்து விதியும். காமிக்ஸில் கதையே கிடையாது, வெறும் தண்டனைப் படங்கள். அதற்கு ஒரு குடும்பத்தையும் உடன்பிறந்தவர்களையும் கொண்டுவந்து வைத்தால்தான் படம். ஒன்றில் எழுதியதை இன்னொன்றில் எழுதினால் விழுந்துவிடும். பாப்ரிக் கூலா 2025 லெபாரானுக்கு வந்து 47 லட்சம் பேரை இழுத்தது, அதே நாளில் எதிரே வந்தது ஜம்போ. கேகேஎன்னையே தாண்டிய அந்த ஜம்போவுக்கு எதிரில் நின்று 47 லட்சம். இதையும் சிம்பிள்மேன் கணக்கில் எழுதிவிடுங்கள், லெபாரான் கணக்கில் எழுதிவிடுங்கள், மனோஜ் பஞ்சாபி கணக்கில் எழுதிவிடுங்கள். அந்தப் பெண்ணின் கணக்கில் மட்டும் ஒரு டிக்கெட் கூட எழுதிவிடாதீர்கள்.

பழையரீல்:
எழுதத் தயார். எத்தனை டிக்கெட் என்று முதலில் ஒத்துக்கொள்ளுங்கள். 92 லட்சமா, கோடியா?

இரவுக்காட்சி:
ஒரு கோடியே அறுபத்தோராயிரத்து முப்பத்து மூன்று.

பழையரீல்:
92.

கணக்கன்:
92,33,847.